சமோதானம் இல்லாத கதைகள்: சிங்களச் சிறுகதையை வாசித்தபோது எழுந்த எண்ணங்கள்

ஜாதகக் கதை ஒவ்வொன்றும் மூன்று பகுதிகளால் ஆனது. புத்தர் வாழ்ந்த காலத்தில் நடந்த ஒரு சம்பவம் முதலில் வரும். அந்தச் சம்பவத்துக்கு விளக்கமாக அவர் எடுத்துரைக்கும் பழம்பிறப்புக் கதை அடுத்து வரும். அந்தக் கதையில் வந்த அரசன்தான் இன்று இன்ன பிக்கு, அன்றைய வஞ்சகன்தான் இன்றைய தேவதத்தன், அன்றைய போதிசத்துவன் நானே என்று ஆட்களை இனங்காட்டி முடிக்கும் பகுதி இறுதியில் வரும். இந்த இறுதிப் பகுதியைச் சமோதானம் என்பார்கள். கதைக்குள் யார் யாருக்கு என்ன செய்தார்களோ அதன் கணக்கு முழுவதும் தீர்க்கப்பட்டு, கேட்பவர் மனத்தில் ஐயம் எதுவும் மிஞ்சாதபடி ஏடு மூடப்படும் இடம் அது. சிங்களச் சிறுகதையின் ஏறத்தாழ நூறாண்டுக் கால வரலாற்றை, இந்தச் சமோதானத்தை நீக்கிவிட்டுக் கதை சொல்ல முடியுமா, சொன்னால் சமூகம் அதைப் பொறுத்துக்கொள்ளுமா என்ற கேள்வியின் வரலாறாகவே நான் வாசித்து வருகிறேன். இந்தப் பதிவில் சொல்ல முயல்வதும் அதைத்தான்.

கண்டியில் வளர்ந்தவன் என்பதால் சிங்களம் எனக்குத் தெருவிலும் பேருந்திலும் கிடைத்த மொழி. அச்சில் அதை வாசிக்கப் பழகியது வெகு காலம் கழித்துத்தான். சிங்களத் திரைப்படங்களைப் பற்றியும் அரசியலைப் பற்றியும் ஓரளவு அறிந்திருக்கும் நம் வாசகர்கள் அம்மொழியின் சிறுகதையைப் பற்றி மிகக் குறைவாகவே அறிந்திருக்கிறார்கள் என்ற எண்ணம் எனக்கு நெடுநாளாக உண்டு.

பழைய சிங்கள உரைநடை பெரும்பாலும் கதைதான். குருளுகோமியின் அமாவதுர, வித்யாசக்கரவர்த்தியின் புத்சரண, 13ஆம் நூற்றாண்டில் தர்மசேன தேரர் எழுதிய சத்தர்ம ரத்னாவலிய, 14ஆம் நூற்றாண்டில் குருநாகலை அரசின் காலத்தில் உருவான ஐந்நூற்றைம்பது ஜாதகங்களின் பெருந்தொகுப்பு ஆகியவற்றை அம்மொழியின் உரைநடைத் தூண்கள் எனலாம். இந்தக் கடைசி நூலைப் பற்றி நம்மவர்கள் அறிந்திருக்க வேண்டிய செய்தி ஒன்றை மகாவம்சத்தின் பிற்பகுதி சொல்கிறது. நான்காம் பராக்கிரமபாகு மன்னன் பல மொழிகளில் வல்லவரான சோழ நாட்டுத் தேரர் ஒருவரைத் தன் ஆசிரியராக அமர்த்திக்கொண்டு, அவரிடம் ஜாதகங்கள் முழுவதையும் பாடங்கேட்ட பின்னரே அவற்றைப் பாளியிலிருந்து சிங்களத்துக்கு ஆக்கினான் என்பது அந்தச் செய்தி. சிங்கள வீடுகளில் பல தலைமுறைகளாக வாசிக்கப்பட்ட கதைநூலின் பிறப்பில் தமிழகத்துப் பிக்கு ஒருவருக்குப் பங்கு இருந்திருக்கிறது. இரு மொழிக்காரர்களும் இதை அதிகம் பேசுவதில்லை.

சத்தர்ம ரத்னாவலியவைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். பாளி தம்மபத உரையிலுள்ள கதைகளை எடுத்துத் தர்மசேனர் தம் போக்கில் விரித்து எழுதியது அது. தமிழில் பெரும்பகுதி அழிந்துபோன குண்டலகேசியின் கதையும் அதில் இருக்கிறது. கொலைக்களத்துக்கு இழுத்துச் செல்லப்படும் கள்வனைக் கண்டு மயங்கி அவனை மணந்துகொள்ளும் வணிகன் மகள், நகைகளுக்காகத் தன்னைக் கொல்ல மலையுச்சிக்கு அவன் அழைத்து வந்திருக்கிறான் என்று அறிந்ததும், கடைசியாக வலம்வந்து வணங்குவது போல் பின்னால் போய் அவனைத் தள்ளிவிடுகிறாள். மலையில் உறையும் தெய்வமோ அவளைப் பழிக்காமல், அறிவு ஆண்களுக்கு மட்டும் உரியதன்று என்று மெச்சுகிறது. இந்த இடத்தில் கதை எந்தப் போதனையையும் தாண்டி நிற்கிறது. இல்லற வாழ்விலிருந்து எடுத்த உவமைகளை வழிநெடுகத் தூவி, கேட்போரிடம் நேரில் பேசுவது போல் குறுக்கே புகுந்து, அவ்வப்போது கேலியும் செய்யும் தர்மசேனரின் குரலில் சிறுகதைக்காரன் ஒருவன் ஒளிந்திருக்கிறான். ஆனால் அவர் ஒவ்வொரு கதையையும் வினைப்பயனில் கொண்டுபோய்க் கட்டிவிட்டுத்தான் அடுத்ததற்குப் போவார். அவருடைய வேலை அது.

இந்தக் கதைகள் ஏட்டோடு நின்றவையும் அல்ல. கண்டிக்கு அருகில் உள்ள தெகல்தொறுவ குகை விகாரையின் சுவர்களில் வெஸ்ஸந்தர ஜாதகமும் சுதசோம ஜாதகமும் நீண்ட பட்டைகளாக, ஒரு காட்சியிலிருந்து அடுத்த காட்சிக்கு இடைவெளியின்றி நகரும் வகையில் 18ஆம் நூற்றாண்டில் தீட்டப்பட்டிருக்கின்றன. விகாரையை எழுப்புவித்த கீர்த்தி ஸ்ரீ ராஜசிங்கன் மதுரை நாயக்கர் உறவுமுறையில் வந்தவன். பிள்ளைகளையும் மனைவியையும் தானமாகக் கொடுத்துவிடும் வெஸ்ஸந்தர மன்னனின் கதையைக் கவியாகப் பாடி இழவு வீட்டில் இரவைக் கழிக்கும் வழக்கம் சிங்களக் கிராமங்களில் இருந்து வந்தது. கதை என்றால் துயரத்துக்குக் காரணம் சொல்வது, சொல்லி ஆற்றுவது என்ற எதிர்பார்ப்பு அங்கே எவ்வளவு ஆழமானது என்பதற்கு இந்த வழக்கத்தைவிட வேறு சான்று தேவையில்லை. நவீன சிறுகதை எந்த எதிர்பார்ப்போடு மோதியது என்பதை அறியாமல் அதன் வளர்ச்சியை மட்டும் ஆண்டு வரிசையில் சொல்வதில் பயனில்லை என்பதால்தான் இவ்வளவையும் எழுதினேன்.

அச்சு வந்தபோது போதனை குறையவில்லை, கூடியது. 1866இல் ஐசக் டி சில்வா எழுதிய, நற்பேறு பெற்ற குடும்பம் ஒன்றையும் கேடுற்ற குடும்பம் ஒன்றையும் அருகருகே வைத்துக் கிறிஸ்தவ வாழ்வின் மேன்மையை உணர்த்தும் நெடுங்கதையைச் சிங்களப் புனைகதையின் முதல் முயற்சிகளில் ஒன்றாகக் கொள்வார்கள். அதற்கு மறுமொழி போல, 1906இல் பியதாச சிறிசேன எழுதிய ஜயதிஸ்ஸவும் ரொசலினும் என்ற நாவலில் பௌத்த இளைஞன் கத்தோலிக்கப் பெண்ணின் மனத்தை மாற்றுகிறான். மதுவிலக்கு இயக்கமும் பௌத்த மறுமலர்ச்சியும் உச்சத்தில் இருந்த காலம் அது. பாத்திரங்கள் பக்கக்கணக்கில் விவாதிப்பார்கள், கெட்டவன் திருந்துவான், அல்லது அழிவான். மதம் இடம்மாறியது. கதையின் கட்டமைப்பு மிஷனரிக்காரர் விட்டுப்போன இடத்திலேயே இருந்தது. நாவலாசிரியர் டபிள்யூ.ஏ. சில்வா சுவையான கதைப்பின்னலால் பெரும் வாசகர் கூட்டத்தைச் சேர்த்தார் என்பதைத் தவிர இந்தக் கட்டத்தில் நிற்க எனக்கு விருப்பமில்லை.

மார்ட்டின் விக்கிரமசிங்கவின் 'கெஹெனியக்' (ஒரு பெண்) என்ற தொகுதி 1924இல் வெளிவந்தது. நவீன சிங்களச் சிறுகதையின் தொடக்கமாகப் பலரும் கொள்வது இதைத்தான். காலிக்கு அப்பால் கொக்கலையில் 1890இல் பிறந்து, சிறுவயதில் தந்தையை இழந்து, முறையான கல்வி அதிகமின்றிப் பதின்ம வயதில் கொழும்புக்கு வந்து கடைக் கணக்கெழுதியவர் அவர். டார்வினையும் செகாவையும் மாப்பசானையும் தாமாகவே வாசித்து, பின்னர் தினமின, சிலுமின ஆகிய பத்திரிகைகளுக்கு ஆசிரியராக உயர்ந்தார். தென்கரைக் கிராமத்து மனிதர்களை, அவர்களுடைய கஞ்சத்தனத்தோடும் பயத்தோடும் அந்தஸ்துப் பித்தோடும், தண்டிக்கவோ திருத்தவோ முனையாமல் அவர் பார்த்தார். பாவம் செய்தவன் மேல் கல்லெறிவதைத் தலைப்பாகக் கொண்ட தொகுதி ஒன்று 1936இல் வந்தது. தலைப்பே அவர் எந்தப் பக்கம் நிற்கிறார் என்பதைச் சொல்லிவிடுகிறது.

அவர் ஜாதகத்தைத் தூக்கி எறியவும் இல்லை. ரஷ்ய நாவலையும் பௌத்த ஜாதகக் கதைகளையும் ஒப்பிட்டுத் தனி நூலே எழுதியவர் அவர். ஜாதகக் கதைக்காரர்கள் பிக்குகள் என்பதைவிட மனித வாழ்வை உற்றுக் கவனித்தவர்கள் என்பதே அவருக்கு முக்கியமாகப் பட்டது. என் வாசிப்பில், மூன்று பகுதிகளில் நடுப்பகுதியை மட்டும் அவர் எடுத்துக்கொண்டார். அரசனும் வணிகனும் குரங்கும் திருடனும் வாழும் அந்த நடுப்பகுதியில்தான் கதை இருக்கிறது. முன்னும் பின்னும் இருப்பவை சட்டகம். சட்டகத்தைக் கழற்றிவிட்டுக் கதையைக் கொக்கலைக்குக் கொண்டுவந்தார் என்று சொன்னால் மிகையாகாது. மேனாட்டு வடிவத்தைக் கடன் வாங்கினார் என்ற வழக்கமான விளக்கம் எனக்கு அரைகுறையாகவே படுகிறது.

இதற்கு வாசகர்கள் எங்கிருந்து வந்தார்கள் என்ற கேள்விக்கும் விடை வேண்டும். 1930இல் தொடங்கப்பட்ட சிலுமின போன்ற ஞாயிறு வாரப் பத்திரிகைகள் சிறுகதைக்கு நிலையான இடம் கொடுத்தன. அவை கொடுத்த இடத்துக்கு அளவும் இருந்தது. விவாதித்துப் பக்கங்களை நிரப்பும் பாத்திரங்களுக்கு அந்த அளவுக்குள் இடமில்லை. 1931இல் சர்வசன வாக்குரிமை வந்தது. அன்றைய கல்வி அமைச்சர் கன்னங்கராவின் பெயரோடு நினைவுகூரப்படும் இலவசக் கல்வி 1940களில் வந்தது. கிராமத்துப் பாடசாலையில் சிங்களத்தில் கற்றவர்கள் வாசகர்களானார்கள், பின்னர் அவர்களே எழுத்தாளர்களும் ஆனார்கள். வடக்கில் 1930இல் ஈழகேசரி என்ற தமிழ்ப் பத்திரிகை தொடங்கி, இலங்கையர்கோனும் வைத்திலிங்கமும் சம்பந்தனும் எழுதத் தொடங்கியதும் ஏறக்குறைய இதே காலத்தில்தான். சிறு தீவு ஒன்றில் இரு மொழிகளில் ஒரே தசாப்தத்தில் முளைவிட்ட இரு சிறுகதை மரபுகளும் ஒன்றையொன்று வாசித்ததாக எனக்குத் தெரியவில்லை. இரண்டுமே தூரத்திலிருந்த செகாவைப் பார்த்துக்கொண்டிருந்தன.

என்னை மிகவும் ஈர்த்தவர் ஜி.பி. சேனாநாயக்க. 'ஏழைகள் இல்லாத உலகம்' என்று பொருள்படும் தொகுதியை 1945இலும், 'பளிகெனீம' (பழிவாங்கல்) என்பதை அடுத்த ஆண்டிலும் வெளியிட்டார். பின்னதில் கதைகளோடு யாப்பில்லாக் கவிதைகளையும் சேர்த்ததால் சிங்களப் புதுக்கவிதையின் முன்னோடி என்ற பெயரும் அவருக்குக் கிடைத்தது. பின்னாளில் பார்வை இழந்த பிறகும் நூல்களைச் சொல்லி எழுதுவித்தவர். விக்கிரமசிங்கவின் கதைகளில் காற்றும் கடலும் அயலவரும் இருப்பார்கள். சேனாநாயக்க கதவைச் சாத்திவிட்டு ஒரு மனத்துக்குள் மட்டும் உட்கார்ந்துகொள்வார்.

அவருடைய 'நிதானய' (புதையல்) கதையை லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் திரைப்படமாக்கினார். திரைக்கதை திஸ்ஸ அபேசேகர. காமினி பொன்சேகாவும் மாலினி பொன்சேகாவும் நடித்த அந்தப் படம் 1972இல் வெனிஸ் திரைப்பட விழாவில் பாராட்டுப் பெற்றது. 1997இல் சிங்களத் திரையுலகின் ஐம்பதாண்டு நிறைவின்போது அதுவரை வந்தவற்றில் மிகச் சிறந்த படமாகவும் தெரிவு செய்யப்பட்டது. கடனில் மூழ்கிவரும் வளவு (பிரபுக் குடும்ப மாளிகை) ஒன்றின் கடைசி வாரிசு, பழைய ஏடு சொல்லும் புதையலைத் தோண்டுவதற்குக் குறிப்பிட்ட அங்க அடையாளங்கள் கொண்ட கன்னிப்பெண் ஒருத்தியைப் பலியிட வேண்டும் என்று நம்புகிறான். அந்த அடையாளங்களோடு ஒருத்தியைக் கண்டு அவளை மணந்தும் கொள்கிறான். அவளுடைய அன்பு அவனை அசைக்கிறது. ஆனாலும் பலி நடக்கிறது, புதையல் கிடைப்பதில்லை. மேலோட்டமாகப் பார்த்தால் பேராசைக்குத் தண்டனை என்ற பழைய கதை போலத் தோன்றும் இது அப்படி இயங்குவதில்லை. கொலைகாரனே கதையைச் சொல்கிறான். அவனுடைய தர்க்கம் ஒவ்வொரு படியிலும் நமக்கு விளங்குகிறது. அவனைக் கண்டிக்கும் தெய்வமோ துறவியோ கதைக்குள் வருவதில்லை. கணக்குத் தீர்க்கும் பொறுப்பு முழுவதும் வாசகர் தலையில் விழுகிறது. புதையல் பூதம், நரபலி, ஏடு என்று கிராமத்து நம்பிக்கைகளிலிருந்து எடுத்த பொருள்களைக் கொண்டே நவீன மனத்தின் நோயை எழுத முடிந்தது சேனாநாயக்கவின் சாதனை.

1950களில் மையம் கொழும்புப் பத்திரிகை அலுவலகங்களிலிருந்து பேராதனைப் பல்கலைக்கழகத்துக்கு நகர்ந்தது. எதிரிவீர சரச்சந்திர விமரிசன அளவுகோல்களை வகுத்தார், மனமே நாடகத்தை 1956இல் மேடையேற்றினார், மாணவர் தலைமுறை ஒன்றை உருவாக்கினார். மனமேயும் ஜாதகக் கதைதான். ஆனால் மனம் தடுமாறிய பெண்ணைப் பழிக்கும் மூலக்கதையின் தீர்ப்பை அவர் தம் நாடகத்தில் நெகிழ்த்திவிட்டார் என்பது நான் மேலே சொன்னதற்கு இன்னுமொரு சான்று. இந்தச் சூழலில் எழுந்த சிறுகதைக்காரர்களில் முதன்மையானவர் குணதாச அமரசேகர. தொழிலால் பல்வைத்தியர். 'ரது ரோச மல' (சிவப்பு ரோஜாப் பூ), 'ஜீவன சுவந்த' (வாழ்வின் மணம்) ஆகிய ஆரம்பத் தொகுதிகளில் இளமையின் காமமும் குற்றவுணர்வும் தாபமும் அதுவரை சிங்களம் அறியாத நுட்பத்தோடு எழுதப்பட்டன.

எதிர்ப்பு இரண்டு திசைகளிலிருந்து வந்தது. பண்பாட்டுக் காவலர்கள் ஆபாசம் என்றார்கள், அது எதிர்பார்த்ததே. விக்கிரமசிங்கவும் எதிர்த்தார் என்பதுதான் சுவையான செய்தி. பேராதனைக்காரர்களின் புனைகதை ஜப்பானியக் காமக் கதைகளின் நிழலில் வளர்கிறது, இந்த மண்ணின் வாழ்வு அதில் இல்லை என்று அவர் நூல் எழுதியே வாதிட்டார். கதையிலிருந்து தீர்ப்பை நீக்கிய மனிதரே முதுமையில் தீர்ப்பு வழங்கும் இடத்துக்கு வந்துவிட்டார் என்று சொல்லத் தோன்றும், ஆனால் அது முழு நியாயமாகாது. ஒழுக்கம் கெடுகிறது என்பதைவிட, வாழ்ந்து பார்க்காத துயரத்தை இரவல் வாங்கி எழுதுகிறார்கள் என்பதே அவருடைய குறை. பின்னர் அமரசேகர தாமும் அந்த இடத்துக்கே வந்து சேர்ந்தார். 1976இல் வெளியிட்ட 'அபுத்தஸ்ஸ யுகயக்' என்ற நூலில், தம் நாவல்களையும் உள்ளடக்கிய பேராதனைப் பாணியை மேனாட்டுப் போலி என்று ஒதுக்கி, விக்கிரமசிங்க காட்டிய வழிக்குத் திரும்ப வேண்டும் என்றார். அதற்குப் பின் அவர் சிங்களப் பௌத்த தேசியச் சிந்தனையின் முக்கிய குரலாக ஆனதை இலங்கையில் வாழும் நாம் அறிவோம். அவருடைய அரசியலோடு எனக்கு எள்ளளவும் உடன்பாடில்லை. 'ஜீவன சுவந்த' காலத்து அமரசேகரவை வாசிக்காமல் விடுவதற்கு அது காரணமாகாது என்றும் நினைக்கிறேன்.

மொழிநடை பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். சிங்களத்தில் எழுத்து வழக்குக்கும் பேச்சு வழக்குக்கும் உள்ள தூரம் தமிழில் இருப்பதற்குக் குறைந்தது அல்ல. எழுத்தில் எழுவாய்க்கேற்ப வினை விகுதி மாறும், பேச்சில் மாறாது. கதைசொல்லி இலக்கண வழக்கிலும் பாத்திரங்கள் பேச்சு வழக்கிலும் பேசும் ஏற்பாட்டை விக்கிரமசிங்க நிலைப்படுத்தினார். இலக்கண வழக்கில் பேசும் கதைசொல்லி எப்போதும் சற்று உயரத்தில், விகாரைக் கட்டிலில் அமர்ந்த தேரரைப் போல, இருந்துவிடுகிறான். 1960களில் எழுதத் தொடங்கிய அஜித் திலகசேன இதையும் சகிக்கவில்லை. கதைப்பின்னலை உடைத்தார், வாக்கியத்தை உடைத்தார், பேச்சில் வேறுபாடில்லாமல் ஒலிக்கும் இரண்டு னகரங்களிலும் இரண்டு லகரங்களிலும் ஒவ்வொன்றை எழுத்திலிருந்தே கைவிட்டார். எழுத்துப் பிழைக்கு மதிப்பெண் குறைக்கும் ஆசிரியர்கள் நிறைந்த நாட்டில் இது சிறிய துணிச்சல் அல்ல. அவருடைய கதைகள் எல்லாவற்றையும் நான் ரசித்தேன் என்று சொல்ல முடியாது. சில வெறும் பயிற்சிகளாகவே எஞ்சுகின்றன.

சைமன் நவகத்தேகம வேறொரு வழியில் போனார். வரண்ட வலயத்துக் குளக்கரைக் கிராமங்களும் காடும் வேட்டையும் அவருடைய உலகம். தர்மசேன தேரர் விட்டுச்சென்ற கதைசொல்லும் குரலை, போதனையை உதிர்த்துவிட்டு, திரும்ப எடுத்துக்கொண்டவர் என்று அவரைப் பற்றி எனக்குத் தோன்றுவதுண்டு. கணவனை இழந்த கிராமத்துப் பெண்ணொருத்தி உறவினரின் பகைக்கும் வறட்சிக்கும் நடுவே சிறு மகனோடு போராடும் அவருடைய சிறுகதையைச் சுமித்ரா பீரிஸ் 1988இல் 'சாகர ஜலய' என்ற திரைப்படமாக்கினார். சுவர்ணா மல்லவாராச்சியின் நடிப்புக்காகவே அதைப் பார்க்கலாம். சிங்களச் சினிமாவின் மிகச் சிறந்த படங்களில் இரண்டுக்குச் சிறுகதைகள் மூலமாக அமைந்திருப்பது, அந்த வடிவம் அச்சுக்கு அப்பாலும் எவ்வளவு தூரம் பரவியது என்பதற்குச் சான்று.

சிங்கள இளைஞர்களின் 1971 ஆயுதக் கிளர்ச்சியும், 1980களின் இறுதியில் தெற்கில் நிகழ்ந்த கொலைகளும் காணாமல் போதல்களும், வடக்குக் கிழக்குப் போரும் சிங்களச் சிறுகதைக்குள் வந்தன. நான் வாசித்த வரையில், தன் ஊர் இளைஞனின் மரணத்தை எழுதுவதில் அது காட்டிய கூர்மையைத் தமிழ்ப் பாத்திரங்களை எழுதுவதில் காட்டவில்லை. கடை முதலாளியாகவும் தோட்டத் தொழிலாளியாகவும் நல்ல அயலவராகவும் வரும் தமிழர்கள் பெரும்பாலும் கதையின் மனச்சாட்சியை உறுத்துவதற்காகவே வந்து போகிறார்கள். அவர்களுக்கென்று அற்பத்தனமோ நகைச்சுவையோ அமைவது அரிது. நம் கதைகளில் வரும் சிங்களப் பாத்திரங்களுக்கும் இதே குறை உண்டு. பெண்களின் எழுத்தில் நிலைமை ஓரளவு வேறு. ஏவா ரணவீர, சுநேத்ரா ராஜகருணாநாயக்க முதல் இளைய தலைமுறையின் தக்ஷிலா ஸ்வர்ணமாலி வரை பலர், வீட்டுக்குள் நடக்கும் வன்முறையையும் தேசத்தில் நடக்கும் வன்முறையையும் ஒரே பார்வையில் வைத்து எழுதியிருக்கிறார்கள்.

இனி 2019க்கு வருகிறேன். சக்திக சத்குமார என்ற எழுத்தாளர் 'அர்த' (பாதி) என்ற சிறுகதையை முகநூலில் வெளியிட்டார். பிக்குகளிடையேயான தன்பாலுறவை மறைமுகமாகச் சுட்டும் கதை அது. பிக்குகள் சிலர் முறையிட்டதை அடுத்து ஏப்ரல் 1ஆம் தேதி பொல்கஹவெலப் பொலிசார் அவரைக் கைது செய்தனர். குற்றச்சாட்டு, குடியியல் அரசியல் உரிமைகள் மீதான சர்வதேச சமவாயச் சட்டத்தின் கீழ், மத வெறுப்பைத் தூண்டியதாக. மனித உரிமைகளைப் பாதுகாப்பதற்கென்று 2007இல் இயற்றப்பட்ட சட்டம் அது. அதன் கீழ்க் கைதானவருக்கு அப்போது நீதவான் பிணை வழங்க முடியாதிருந்தது, மேல் நீதிமன்றமே வழங்க முடிந்தது. ஆகஸ்டு மாதம் பிணை கிடைக்கும் வரை நான்கு மாதங்களுக்கு மேல் அவர் சிறையில் இருந்தார். 2021 பெப்ரவரியில்தான் வழக்கிலிருந்து விடுவிக்கப்பட்டார். அதற்குள் 2020 மே மாதம் அஹ்னாப் ஜஸீம் என்ற இளைஞர், 'நவரசம்' என்ற தமிழ்க் கவிதைத் தொகுப்பைக் காரணங்காட்டிப் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ்ப் பிடிக்கப்பட்டு, 2021 டிசம்பர் வரை தடுப்பில் இருந்தார். 2023 டிசம்பரில் அவர் குற்றமற்றவர் என்று தீர்ப்பாயிற்று.

சத்குமாரவின் வழக்கை இங்கே கொண்டுவருவதற்குக் கருத்துச் சுதந்திரம் மட்டும் காரணமல்ல. கதையில் வரும் பிக்குவை உண்மையில் இருக்கும் சங்கத்தோடு பொருத்தி, அவரே இவர் என்று இனங்காட்டியவர்கள் முறைப்பாட்டாளர்கள். எழுத்தாளர் எழுத மறுத்த சமோதானத்தை அவர்கள் எழுதிப் பொலிஸ் நிலையத்தில் கையளித்தார்கள். நவீன சிறுகதை சிங்களத்தில் வேரூன்றி ஒரு நூற்றாண்டு நெருங்கிய பிறகும், கதை என்பது யாரையோ சுட்டி எதையோ தீர்ப்பது என்ற பழைய வாசிப்பு அரசின் சட்டப்புத்தகத்தோடு கைகோத்து நிற்க முடிகிறது. சிறுகதையின் பண்பாட்டு முக்கியத்துவம் என்ன என்று கேட்பவருக்கு, பண்பாட்டு விருதுகளின் பட்டியலைவிட இந்த வழக்கின் கோப்பைக் காட்டுவதே பொருத்தமாக இருக்கும்.

தமிழில் இவற்றை வாசிக்க என்ன வழி என்று கேட்கலாம். விக்கிரமசிங்கவின் 'கம்பெரலிய' நாவலை எம்.எம். உவைஸ் 'கிராமப் பிறழ்வு' என்று தமிழாக்கினார். டொமினிக் ஜீவா 1966இல் தொடங்கிய மல்லிகை சிங்களச் சிறுகதைகளின் மொழிபெயர்ப்புகளைத் தொடர்ந்து வெளியிட்டது. திக்குவல்லை கமால் பல படைப்புகளைக் கொண்டுவந்தார். அண்மைக் காலத்தில் எம். ரிஷான் ஷெரீப், சுநேத்ரா ராஜகருணாநாயக்கவின் 'அம்மாவின் ரகசியம்', தக்ஷிலா ஸ்வர்ணமாலியின் 'அந்திம காலத்தின் இறுதி நேசம்' போன்றவற்றைத் தமிழக வாசகரிடமும் சேர்த்திருக்கிறார். பாணந்துறை, திக்குவல்லை, மாவனெல்லை என்று சிங்கள ஊர்களுக்கு நடுவே தமிழ் பேசி வாழும் முஸ்லிம்களே இந்தப் பாலத்தின் பெரும்பகுதியைக் கட்டியிருக்கிறார்கள். யாழ்ப்பாணமும் கொழும்புத் தமிழ் அறிவுலகமும் இதற்காக அவர்களுக்குச் சொல்ல வேண்டிய நன்றியை இன்னும் சொல்லவில்லை.

வந்திருப்பவற்றில் நாவல்கள் மிகுதி. சிறுகதைகள் ஆங்கொன்றும் ஈங்கொன்றுமாக இதழ்களில் சிதறிக் கிடக்கின்றன. சேனாநாயக்கவின் கதைகளையும் ஆரம்பகால அமரசேகரவையும் பேராதனைக்காரர்கள் மேல் விக்கிரமசிங்க வைத்த மறுப்பையும், தர்மசேனரின் குண்டலகேசியை முன்னால் வைத்து, ஒரே நூலாக யாராவது தமிழில் தொகுத்தால் அந்தச் சண்டை முழுவதையும் தமிழ் வாசகர் நேரில் பார்க்கலாம். அந்த வேலையில் பிரதி ஒப்புநோக்க ஆள் தேவைப்பட்டால் நான் வரத் தயார்.